பெயர் போடாத வசனம்

குருவானவராகப் படிக்கவென்று யாழ்ப்பாணத்திலிருந்து ரோமாபுரிக்குப் போன சூசைதாசன், அங்கே சினிமாவுக்கு வசனம் எழுதுபவராகிப் போனார். ஊரில் கேள்விப்பட்டவர்கள் தலையில் கை வைத்தார்கள். சரி, ஒரு படத்திலாவது அவர் பெயர் வந்ததா என்றால், அதுவுமில்லை.

அந்தக் காலத்து இத்தாலியப் படப்பிடிப்பில் பேச்சைப் பதிவு செய்யமாட்டார்கள். வசனம் தயாராக இல்லையென்றால் நடிகர்கள் ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணிக்கொண்டே அழுவார்கள், காதலிப்பார்கள். பிறகு அந்த வாயசைவைப் பார்த்துப் பார்த்து, அதற்குப் பொருந்துகிற சொற்களை எழுதிக் கொடுப்பது சூசைதாசன். பேர் வாங்குவது இயக்குநர். ஆனாலும் என்ன காலம் அது! சிகரெட் புகைக்குள் ஒரு சொல்லுக்காக அரை நாள் சண்டை, பிறகு எல்லாருமாக ஒரே மேசையில் சாப்பாடு. இப்போது இத்தாலிக்கு வெளியே, வின்டர்தூர் என்ற நகரில் ஒரு தொழிற்சாலையின் சாமான் அறையில் வேலை. ரோமை நினைத்து அவர் பெருமூச்சு விடாத நாளில்லை.

1986இல் ஒரு ஞாயிறு மத்தியானம், அந்த நகரிலிருந்த இத்தாலியத் தொழிலாளர் சங்கம் அவர் வசனம் எழுதிய பழைய படமொன்றைப் போட்டது. இயக்குநர் மொரந்தீனியும் வருகிறாராம்.

"இண்டைக்காவது மேடையிலை என்ர பேரைச் சொல்லுவான்," என்று சூசைதாசன் கலியாணக் கோட்டைத் தேடி எடுத்துப் போட்டுக்கொண்டார். அந்த ஒன்றைக் கேட்டுவிட்டால் போதும் அவருக்கு. மனைவி திரேசாவும் கூடப் போனாள்.

படத்தின் முடிவில், புறப்படும் ரயிலின் யன்னலிலிருந்து கதாநாயகி காதலனிடம் சொல்வாள்: "கடிதம் போடாதே. வா." அந்தப் படத்தை வாழவைத்ததே இந்த வசனம்தான். மண்டபமே மூக்கை உறிஞ்சியது. விளக்கு எரிந்ததும் ஒருவர் எழுந்து, அந்த வசனம் எப்படி வந்தது என்று இயக்குநரிடம் கேட்டார். சூசைதாசன் எழும்ப ஆயத்தமாகக் கோட்டை இழுத்துவிட்டார்.

மொரந்தீனி கண்ணைத் துடைத்தார். "நான் போருக்குப் போனபோது என் அம்மா சொன்னது," என்றார்.

கைதட்டல் ஓய்வதற்குள் சூசைதாசன் வெளியே வந்துவிட்டார். பஸ் தரிப்பில் நின்று பொரிந்து தள்ளினார். "முழுப் பூசணிக்காயைச் சோத்துக்கை மறைக்கிறான், கள்ளன்! அது என்ர வசனம்!"

"உங்கட வசனமோ?" என்றாள் திரேசா. "நான் இஞ்சை தாதி வேலைக்கு வெளிக்கிடேக்கை, ரோம் ஸ்டேசனிலை யன்னலாலை எட்டிப் பாத்து என்ன சொன்னனான்? 'கடிதம் போடாதேங்கோ, வாங்கோ' எண்டு சொன்னது ஆர்? அவன் பொய்யெண்டாலும் தாய்க்குக் குடுத்தான். நீங்கள் ஆருக்குக் குடுத்தியள்?"

சூசைதாசனுக்கு முகம் எரிந்தது. அந்த யன்னலும், அழுகையை அடக்கி நடுங்கிய அவள் உதடுகளும் இப்போதுதான் நினைவுக்கு வந்தன. அவர் உண்மையாகவே மறந்து போயிருந்தார். வெட்கமாக இருந்தது.

"நான் வந்தனான்தானே, திரேசா," என்றார் கடைசியில்.

"ஓம், வந்தியள். அதாலைதான் இவ்வளவு வருசமும் நான் வாய் திறக்கேல்லை."