தீவுக்குப் போகும் உருளைகள்

வலைப்பையின் வாயைக் காலால் மிதித்துக்கொண்டு தேங்காய்த் தும்பை அள்ளித் திணித்தாள் மார்ஜரி. உலக்கையால் இடித்தாள், மறுபடி அள்ளித் திணித்தாள். தலையணைக்குப் பஞ்சு அடைக்கிற வேலைதானே என்று நினைத்து வருகிறவர்கள் இரண்டே நாளில் தோள்பட்டையைப் பிடித்துக்கொண்டு போய்விடுவார்கள். அடைத்து முடித்த உருளை ஆள் நீளத்தைவிட நீளம். அறுத்துப் போட்ட மரத்துண்டைப் போல இறுகியிருக்க வேண்டும், விரலால் அழுத்தினால் குழி விழக் கூடாது. மாத்தளை டவுனுக்கு வெளியே, உக்குவளை ரோட்டில் இருந்த அந்தத் தகரக் கொட்டகையில் பத்துப் பன்னிரண்டு பெண்கள் நாள் முழுக்கச் செய்தது இதைத்தான்.

அன்றைக்கு அவளுக்குக் கை ஓடவில்லை. உருளைகளை வாங்குகிற வெளிநாட்டுக்காரர்களிடமிருந்து வெள்ளைக்கார மிஸ் வரப்போகிறாராம். சும்மா பார்த்துவிட்டுப் போக இல்லையாம், இரண்டு மூன்றை வெட்டிப் பார்ப்பாராம். காலையில் வேலைக்கு வந்ததும் கூட வேலை செய்கிற ஜுனைதா இதைச் சொன்னாள். அப்போது பிடித்து மார்ஜரி, யாராவது முகத்தைப் பார்த்தால் எல்லாம் தெரிந்துவிடும் என்று தும்புக் குவியலுக்குள் தலையைக் குனிந்தபடியே இருந்தாள்.

இந்த மிஸ் போன தடவை வந்தபோது எல்லோரையும் உட்காரவைத்துக் கம்ப்யூட்டரில் படம் காட்டினார். அவர் சொல்லச் சொல்ல, சுப்பவைசர் ஷெல்டன் தமிழில் சொன்னான். அமெரிக்காவின் தெற்குக் கரைக்குப் பக்கத்தில் கடலுக்குள் நீட்டமாக ஒரு மணல் தீவு. கல் இல்லை, மண் இல்லை, வெறும் மணல். புயல் வந்தால் முதல் அடியைத் தான் வாங்கிக்கொண்டு பின்னால் இருக்கிற ஊரைக் காப்பாற்றுமாம். ஒரு காலத்தில் அங்கே ஒரு கலங்கரை விளக்கமும், நாலைந்து மீன்பிடிக் குடும்பங்களும், பணக்காரர்கள் வந்து தங்க ஒரு ஹோட்டலும் இருந்தன. கப்பல் போகிற கடல்வழியை ஆழமாக வைத்திருக்க ஒரு முனையில் கல் அணை கட்டினார்கள். அத்தோடு மறு முனைக்கு மணல் வருவது நின்றது. வருஷா வருஷம் தீவு தேய்ந்தது. ஹோட்டல் விழுந்தது, சனங்கள் கிளம்பிவிட்டார்கள். இப்போது மணல் மேட்டைப் பிடித்துவைக்கத் தும்பு உருளைகளைப் புதைத்து, அதன்மேல் புல் நடுகிறார்கள். தும்பு ஐந்தாறு வருஷத்தில் உக்கி மணலோடு மணலாகிவிடும், அதற்குள் புல் வேர் பிடித்துக்கொள்ளும். அங்கே இப்ப யாரு இருக்காங்க என்று ஜுனைதா கேட்டாள். ஆள் யாரும் இல்லை, கடல் குருவிகளும் முட்டை போட வருகிற ஆமைகளும்தான் என்றார் மிஸ். அதனால்தான் உருளைக்குள் ஒரு துண்டு பிளாஸ்டிக்கூட இருக்கக் கூடாது என்று கண்டிப்பாகச் சொன்னார்.

மார்ஜரிக்கு அந்தப் படத்தைப் பார்க்கும்போது ரத்தோட்டைக்கு மேலே தேயிலைத் தோட்டத்தில் தங்கள் லயத்து வரிசை வீடுகள்தான் ஞாபகம் வந்தன. புயல் மழையில் மலை பிளந்து இறங்கியபோது லயத்தில் பாதி போயிற்று. மீதிப் பாதியில் சுவர் வெடித்து, இங்கே ஆட்கள் தங்கக் கூடாது என்று சிவப்புப் பெயிண்டால் எழுதிவிட்டுப் போனார்கள். அங்கே மலையைப் பிடித்துவைக்க யாரும் எதையும் புதைக்கவில்லை. புருஷன் அந்தோனிமுத்துவைச் சேற்றுக்குள்ளிருந்து இழுத்து எடுத்தபோது இடுப்பு உடைந்திருந்தது. கோயில் மண்டபத்தில் எல்லோரோடும் படுத்துக் கிடந்தவர்களை அங்கே வந்த ஷெல்டன்தான் பார்த்து, முதலாளியிடம் பேசி, அவளுக்கு வேலையும் கொட்டகைக்குப் பின்னால் ஒரு அறையும் வாங்கிக் கொடுத்தான். சிமெந்துத் தரை, ஒழுகாத கூரை. ஷெல்டனின் காலில் விழாத குறைதான் அன்றைக்கு. வேலை இருக்கும்வரை அறை இருக்கும் என்று அவன் சொன்னதையும் அவள் மறக்கவில்லை.

அந்த நன்றிதான் அவளை மாட்டிவிட்டது. போன மாதம் தும்பு லொறி வரவில்லை. கப்பலில் ஏற்றவேண்டிய நாள் நெருங்கிவிட்டது. ஒரு ஞாயிற்றுக்கிழமை அவள் பூசைக்குப் புறப்பட்டு நிற்கையில் ஷெல்டன் வந்தான். கொட்டகையில் வேறு யாரும் இல்லை. பழைய பிளாஸ்டிக் உரபேக்குகள் ஒரு கட்டு கொண்டுவந்திருந்தான். கிழித்து நடுவில் வைத்துச் சுற்றிலும் தும்பை அடைத்துவிட்டால் யாருக்குத் தெரியப் போகிறது, ஏழெட்டு உருளைதானே என்றான். அவளுக்கு மனசு ஒப்பவில்லை. ஆனாலும் பூசைக்குப் போகாமல் செய்து கொடுத்தாள்.

அதில் அவள் பண்ணிய பிழை ஒன்றுதான். ஒவ்வொரு உருளையின் வாயிலும் அதைச் செய்தவளின் நம்பர் அடித்த தகட்டைக் கோத்துத்தான் முடிச்சுப் போடுவார்கள். மார்ஜரிக்குப் பதினேழு. இந்த உருளைகளுக்குத் தகடு வேண்டாம், தானே தனியாகக் கணக்குப் போட்டுக்கொள்வதாக ஷெல்டன் சொல்லியிருந்தான். அவளும் சரியென்றுதான் தலையாட்டினாள். ஆனால் இருபது வருஷம் கொழுந்து பறித்தவள் அல்லவா? தோட்டத்தில் நம்பரைச் சொல்லாமல் கொழுந்தைத் தராசில் கொட்டினால் அது யார் கணக்கிலோ ஏறிவிடும். ஒருமுறை அப்படி மழையில் நனைந்து பறித்ததெல்லாம் இன்னொருத்திக்குப் போய், அவளுக்கு அரைநாள் சம்பளத்துக்குத்தான் பேர் விழுந்தது. தன் நம்பர் இல்லாத வேலையை அவளுடைய கை விடவே விடாது. வெளியே தெரியாமல் தகட்டைத் தும்புக்குள் செருகி, அதன்மேல் முடிச்சைப் போட்டுவிட்டாள்.

இனி மறைத்துப் பயனில்லை என்று தோன்றியது. உலக்கையைச் சாத்திவிட்டு ஷெல்டனைத் தேடிப் போனாள். அவன் தராசுக்குப் பக்கத்தில் நின்று சட்டையை உள்ளே விட்டு இடுப்புப் பட்டியை இறுக்கிக்கொண்டிருந்தான். தகடு வைத்ததைச் சொன்னாள். அவன் முகத்தில் ரத்தம் சுண்டிப்போயிற்று. திட்டுவான் என்று நினைத்தாள், திட்டவில்லை. வாசலையே பார்த்தபடி நின்றான். அதைக் கண்டபிறகு அவளுக்குப் பயம் இன்னும் கூடிற்று.

"எல்லாத்துலயுமா போட்டீங்க?"

"எல்லாத்துலயும்தான் சேர்."

"சரி, கப்பல் பிந்திப்போனதுல அது இன்னும் அடியிலதான் கெடக்கு. மேல உள்ளத எடுத்துக் குடுத்திருவோம். நீங்க வாயத் தொறக்காதீங்க மார்ஜரி அக்கா. நான் பாத்துக்கிறேன்."

வேன் வந்து நின்றது. மிஸ் இறங்கியதும் எல்லோரையும் பார்த்துச் சிரித்தார். கொட்டகையில் இடிக்கிற சத்தம் நின்றுபோயிற்று. மேலே கிடந்த உருளை ஒன்றை ஷெல்டன் தானே தூக்கி வந்து போட்டான். மிஸ் வலையை அறுத்து, கையை உள்ளே விட்டுக் கிளறி, தும்பை முகர்ந்து பார்த்தார். நல்ல தும்பு. ஷெல்டன் நெற்றியைத் துடைத்துக்கொண்டான். மார்ஜரி மனசுக்குள் மாதாவைக் கூப்பிட்டுக்கொண்டே இருந்தாள்.

மிஸ் அடுக்கைச் சுற்றி நடந்தார். அடியில் குனிந்து தொட்டுப் பார்த்தார். தரையின் ஈரம் ஏறியிருந்தது. முகம் சுளித்து, அடி உருளை ஒன்றைக் காட்டி எடுக்கச் சொன்னார். மேலே உள்ளதெல்லாம் விழும் என்று ஷெல்டன் என்னென்னவோ சொல்லிப் பார்த்தான். மிஸ் கேட்கவில்லை. பெண்கள் நாலு பேர் சேர்ந்து உருட்டி எடுத்தார்கள். அதில் மார்ஜரியும் ஒருத்தி.

கத்தி இறங்கியது. முதலில் தும்பு வந்தது. பிறகு வெள்ளையாக, நார் நாராகப் பிரிந்த உரபேக். மிஸ் ஒரு துண்டை வெளியே இழுத்தார், அது வந்துகொண்டே இருந்தது. முடிச்சை அறுத்ததும் தகடு சிமெந்துத் தரையில் விழுந்தது. ஷெல்டன் குனிந்து எடுத்து, நம்பரைப் பார்த்து, அப்போதுதான் அறிந்தவனைப் போல மார்ஜரியின் பக்கம் திரும்பினான்.

மிஸ் அவளைப் பார்த்து மெதுவாக ஏதோ கேட்டார். கோபமாகக் கேட்டிருந்தால்கூடத் தேவலை.

"அந்த ஆமைங்களுக்கு முட்டை போட வேற எடம் இல்லியாம்," என்றான் ஷெல்டன். "அது தெரிஞ்சுமா இப்பிடிச் செஞ்சீங்கன்னு கேக்குறாங்க."

மிஸ்ஸிடம் பேசுவதற்கு அவன் வாயை விட்டால் மார்ஜரிக்கு வேறு வழி இல்லை.

"நானா செய்யலன்னு சொல்லுங்க சேர். தும்பு இல்லன்னு நீங்க சொல்லித்தான் செஞ்சேன்னு சொல்லுங்க."

அவன் சொன்னான். நிறையவே சொன்னான். அவள் சொன்னதைவிட அது நீளமாக இருந்தது. மிஸ் தலையை ஆட்டிக்கொண்டே கேட்டார். பிறகு மார்ஜரியைப் பார்க்காமல் முகத்தைத் திருப்பிக்கொண்டார். அவளுக்குப் பக்கத்தில் நின்ற றிஸ்லா, ஏ.எல். பரீட்சை வரைக்கும் படித்து இங்கிலீஷ் தெரிந்தவள், தரையைப் பார்த்தபடி முக்காட்டின் நுனியை விரலில் சுற்றிக்கொண்டிருந்தாள்.

"என்னா புள்ள சொன்னாரு?"

"தும்ப நீங்க வெளிய வித்துட்டீங்களாம்," என்றாள் றிஸ்லா, உதடு அசையாமல். "அதுக்குப் பதிலா பேக்க அடைச்சிட்டீங்களாம். எனக்குப் பயமா இருக்கு அக்கா, என்னய ஒண்ணும் கேக்காதீங்க."

வித்தேனா? யாருக்கு வித்தேன்? கத்தவேண்டும் போல இருந்தது. மிஸ்ஸுக்கு முன்னால் போய் நின்று, இல்லை என்று கையை ஆட்டினாள். நோ மிஸ், நோ மிஸ் என்றாள். அதற்கு மேல் அவளுக்கு இங்கிலீஷ் இல்லை. மிஸ் அவளுடைய தோளை லேசாகத் தொட்டு, ஷெல்டனிடம் ஏதோ சொல்லிவிட்டு விலகிப் போனார். பொலிஸுக்குப் போகவேண்டாம் என்று மிஸ் பெரிய மனசு பண்ணிச் சொல்லியிருப்பதாக ஷெல்டன் எல்லோருக்கும் கேட்கச் சொன்னான். மார்ஜரி நாளையிலிருந்து வரத் தேவையில்லை. அறையை இன்றைக்கே காலி பண்ணவேண்டும்.

"அவரால எந்திரிக்க ஏலாது சேர். எங்க கொண்டு போவேன்?"

ரிவர்ஸ்டன் மலைப் பக்கம் வானம் கறுத்துக் கிடந்தது. கோயில் மண்டபத்தை எப்போதோ பூட்டிவிட்டார்கள். போவதென்றால் அந்த வெடித்த லயத்துக்குத்தான் போகவேண்டும். இன்றைக்கு மழை பெய்தால், மேலே நிற்கிற மீதி மலையும் இறங்கினால், இந்த முறை அந்த மனுஷனை யார் இழுத்து எடுப்பார்கள்?

நல்ல உருளைகளை இனி ஈரத் தரையில் போடக் கூடாது, ஒழுகாத இடத்தில் வைக்கவேண்டும் என்று மிஸ் சொல்லியிருந்தார். ஒழுகாத இடம் அங்கே ஒன்றுதான் இருந்தது, மார்ஜரியின் அறை. மழைக்கு முன்னே தூக்கிவிடவேண்டும் என்று ஷெல்டன் அவசரப்படுத்தினான். ஜுனைதாவும் றிஸ்லாவும் அந்தோனிமுத்துவைக் கட்டிலிலிருந்து பாயோடு தூக்கி வெளியே தாழ்வாரத்தில் கிடத்தினார்கள். வலியில் அவன் பல்லைக் கடித்துக்கொண்டான். என்ன நடந்தது என்று மார்ஜரியைக் கேட்டான். அவள் அவனுக்குப் போர்வையை இழுத்துவிட்டாள்.

உருளைகள் ஒவ்வொன்றாக வந்தன. முதல் உருளையை உள்ளே வைக்கப்போனபோது மிஸ் தடுத்து, சிமெந்துத் தரையைக் கையால் தடவிப் பார்த்து, அடியில் ஏதாவது கொடுக்கவேண்டும் என்றார். ஷெல்டன் சுற்றுமுற்றும் பார்த்தான். பிறகு அந்தோனிமுத்து படுத்திருந்த கட்டிலின் பலகைகளைக் கழற்றி, ஒன்றுக்குப் பக்கத்தில் ஒன்றாகத் தரையில் பரப்பினான்.