நீலம் பூசிய முனை

உலையில் பழுக்கக் காய்ச்சி, எண்ணெயில் தோய்த்தெடுத்த இரும்புப் பின்னின் மேல் அரத்தை வைத்து இழுத்தேன். வழுக்கிக்கொண்டு போக வேண்டிய அரம் கறகறவென்று கடித்தது. இரும்பு இறுகவே இல்லை. கிரேன் கொக்கியைத் தாங்கப் போகிற பின் இது. அதன் கீழே ஆட்கள் நடப்பார்கள். போன வாரம் ஒரு பெட்டி நிறையக் கழித்து மூலையில் வைத்தேன். இதையும் கழிக்க வேண்டியதுதான்.

பட்டறை எனக்கும் அண்ணனுக்கும் பொது. இரும்பு வாங்குவது அவன், காய்ச்சுவது நான். சாதா கார்பன் இரும்பு இதற்கு ஆகாது, குரோமியம் கலந்த அலாய்தான் எண்ணெயில் உள்ளே வரை இறுகும் என்று படித்துப் படித்துச் சொல்லியிருந்தேன். முனையில் நீலம் பூசிய கம்பிகள்தான் வந்து இறங்கின. இரும்புக் கடையிலேயே ஸ்பிரே அடித்து அனுப்புகிற அடையாளம் அது; நீலம் என்றால் அலாய். அந்த முனையை மட்டும் கடைசிவரை வெட்ட மாட்டோம். வெட்டிவிட்டால் எது என்ன இரும்பு என்று ஆண்டவனுக்கும் தெரியாது.

"உன் கைராசி போயிடுச்சும்மா," என்றிருந்தான் அண்ணன். "கொஞ்ச நாள் வீட்ல இருந்து ரெஸ்ட் எடு."

நானும் நம்பித் தொலைத்தேன். உலையைப் பிரித்துப் பார்த்தேன், எண்ணெயை மாற்றினேன், தூக்கம் கெட்டு என்னையே திட்டிக்கொண்டேன்.

அடுத்த கம்பியை இழுக்கக் குனிந்தபோதுதான் அந்த நீலத்தில் ஒட்டியிருந்த பிரஷ் முடி கண்ணில் பட்டது. அந்த நிறமும் தெரிந்த நிறம். அண்ணன் மகளின் அறைக் கதவுக்கு நானே கடை கடையாய் ஏறி இறங்கி வாங்கிக் கொடுத்த பெயின்ட்.

தீப்பொறியைப் பார்த்தால் இரும்பின் ஜாதகமே தெரிந்துவிடும். கம்பியிலிருந்து ஒரு துண்டை வெட்டி சுழலும் சாணைக் கல்லில் வைத்தேன். அலாய் என்றால் பொறி அடக்கமாக ஓடி, நுனியில் அம்பு போல முடியும். இது கிளைகிளையாக வெடித்துச் சிதறியது. சாதா கார்பன்.

அண்ணனைக் கூப்பிட்டு மறுபடி வைத்தேன். பொறி பறந்தால் யாருக்கும் கண் தானாக அங்கே போகும். அவன் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"அலாய் கிடைக்கல. ஆர்டர் கைய விட்டுப் போயிடும்னு..."

"அப்ப என் கைராசின்னு ஏண்ணா சொன்னே?"

"நீ உலையையே நோண்டிட்டு இருப்பே, இரும்பைப் பாக்க மாட்டேன்னு நெனச்சேன்."

இரும்பை மாற்றியதைக்கூட ஒருநாள் மன்னித்திருப்பேன். என் கையை நானே சந்தேகப்பட வைத்துவிட்டானே.

"வேற எதையும் மறைக்கலையே?"

"ஆர்டரை நேத்தே அனுப்ப வேண்டியிருந்துச்சு, எண்ணிக்கை குறைஞ்சுது..." அவன் கண் மூலைப் பக்கம் போனது. நானும் திரும்பினேன். கழித்த பின்களோடு பெட்டி இருந்த இடத்தில், தரையில் சதுரமாக ஓர் எண்ணெய்க் கறை மட்டும் இருந்தது.