மிதந்து போன பாத்திரங்கள்

வெள்ளிக்கிழமை, மாலை நான்கு மணி. நேரலையின் சிவப்பு விளக்கு எரிந்ததும் தராசுக்கு வியர்த்தது.

எந்தப் படத்தையும் ‘ஒரு பக்கம் பார்த்தா’ என்று ஆரம்பிப்பதால் அந்த விமர்சகருக்கு அப்படியொரு பட்டப்பெயர். போன வாரம் இரண்டு படங்களின் கதாநாயகிகளை மாற்றிச் சொல்லித் தொலைத்தார். “இன்னொரு தப்பு நடந்தா அந்த நாற்காலியில வேற ஆள்” என்று தயாரிப்பாளர் சொல்லிவிட்டார்.

எதிரே இன்னொரு விமர்சகர், கத்தரி. எந்தப் படத்திலும் இருபது நிமிடம் வெட்டச் சொல்லும் ஆசாமி.

“புதுப்படத்துல மனசுல நின்ன காட்சி எது சார்?” தொகுப்பாளினி கேட்டாள்.

தராசு கண்களை மூடினார். “வீட்டுக்குள்ள தண்ணி ஏறுது. அம்மா மாடிப்படியில உக்காந்து பாத்திரத்தையெல்லாம் ஒண்ணொண்ணா மிதக்க விடுறாங்க. அதுங்க வாசல் தாண்டி, தெரு தாண்டி, வெளிச்சத்துக்குள்ள போகுது. அம்மா நிமிர்ந்து, ‘சாப்டியாடா’ன்னு...”

சட்டென்று கண்களைத் திறந்தார். அது நடிகையின் குரல் இல்லை. அவரைப் பெற்றவளின் குரல். காலைக் காட்சியின் குளிர்ந்த இருட்டு, மெத்தென்ற இருக்கை... தூங்கியிருக்கிறார்.

கத்தரி பாய்ந்தார். “அந்த சீன்தான் படத்துக்கே பாரம். அஞ்சு நிமிஷமா சட்டிபானை மிதக்குது. வெட்டித் தூக்கிப் போடணும்.”

அடப்பாவி, நீயும் பார்க்கவில்லையா?

அதற்குள் ஒரு நேயர் தொலைபேசியில் வந்தார். பெண் குரல். “இப்பத்தான் தியேட்டர்லேருந்து வரேன். படம் பூரா பாலைவனம் சார். சொட்டுத் தண்ணி இல்லியே?”

மேசைக்கடியில் கத்தரியின் செருப்பு தராசின் காலை மிதித்தது. சமாளி என்று அர்த்தம்.

“தூங்கிட்டேம்மா,” என்றார் தராசு. “அது என் கனவு. படத்து மேல தப்பில்ல.”

தொகுப்பாளினி திரும்பினாள். “அப்ப நீங்க எதை சார் வெட்டச் சொன்னீங்க?”

கத்தரி கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். “நானும் பாதியில தூங்கிட்டேன். ஆனா இவர் சொல்லச் சொல்ல, எனக்கும் அது கண்ணு முன்னால தெரிஞ்சுதும்மா.”



“வெட்டாதீங்க சார்,” என்றார் அந்த நேயர். “அந்தப் பாத்திரமெல்லாம் கடைசியில எங்க போச்சு?”

தராசின் காதுக்கருவியில் தயாரிப்பாளர் இருமினார். “சொல்லுங்க. எனக்கும் தெரியணும். நாற்காலி எங்கேயும் போகாது.”

தராசு மறுபடி கண்களை மூடினார். பாதங்களில் தண்ணீர் குளிர்ந்தது. நாற்காலி மெல்ல மிதக்கத் தொடங்கியது.