முகம் வராத படம்

ட்ராகிஷா இருபத்தாறு வருடங்களாக ஜெர்மன் தொலைக்காட்சியில் கைதாகிக்கொண்டிருந்தார். செர்பியாவில் நோவி சாட் நகர நாடக மேடையில் அரசனாக நின்றவர். இங்கே வந்ததும் அவருடைய தாடையைப் பார்த்துக் கடத்தல்காரன், கூலிக் கொலையாளி என்றே வேடம் கொடுத்தார்கள். ஐம்பத்தெட்டு வயதில் இயக்குநரானபோது ஒன்றில் உறுதியாக இருந்தார்: கதாநாயகனின் முகமே படத்தில் வராது. கமெராதான் அவன் கண். அந்தப் புதுமைக்காகவே தயாரிப்பாளர் சம்மதித்திருந்தார்.

மூன்றாம் நாள் படப்பிடிப்பு வுப்பர்டால் நகரில், ஒரு தேவாலய மண்டபத்தில். சிறையிலிருந்து வந்த கதாநாயகன் பக்கத்து வீட்டுத் தமிழரின் ஞானஸ்நான விருந்துக்குள் நுழைகிறான். ஒருவரும் நிமிர்ந்து பார்ப்பதில்லை. அவ்வளவுதான் காட்சி. உதவி இயக்குநர் சுஜீவா மன்னாரையும் யாழ்ப்பாணத்தையும் சேர்ந்த கத்தோலிக்கர் நாற்பது பேரை அழைத்து வந்திருந்தாள். நான்கு மணிக்கு மண்டபத்தைக் காலி செய்ய வேண்டும்.

கமெரா முதல் மேசையை நெருங்கியது. இருந்தவர்கள் கரண்டியை வைத்தார்கள், வாயில் இருந்ததை விழுங்கினார்கள், சேலைத் தலைப்பைச் சரிசெய்தார்கள், கமெராவைப் பார்த்துப் புன்னகைத்தார்கள்.

ஒன்பது தடவை.

"லூர்தம்மா அக்கா, கமெராவைப் பார்க்க வேண்டாம் எண்டு சொன்னனான் எல்லோ?" என்றாள் சுஜீவா.

"வீடியோக்காரர் கிட்ட வர, நான் குனிஞ்சு சாப்பிட்டால் பிள்ளையின்ர தாய் என்ன நினைப்பா? கோவத்தோட வந்திருக்கிறன் எண்டெல்லோ நினைப்பா."

"பிள்ளையே இல்லை அக்கா. தொட்டில்ல கிடக்கிறது பொம்மை."

"அது எனக்கும் தெரியும். கை தானா நிண்டிடுது."

பக்கத்தில் இருந்த இராயப்பு குரலைத் தாழ்த்தினார். "தங்கச்சி, இவர் டிவியில வாற கொலைகாரன் தானே? போன கிழமையும் ஒருத்தனைக் குத்தினவர். ஒரு செல்ஃபி எடுக்க ஏலுமோ?"

"என்னவாம்?" என்று ட்ராகிஷா ஜெர்மனில் கேட்டார்.

"உங்களோடு செல்ஃபி வேண்டுமாம்."

அவர் வெடித்தார். "என் முகம் இல்லாத ஒரே படம் இது! இதிலுமா?" மிச்சத்தைச் செர்பிய மொழியில் கத்தினார். ஒருவருக்கும் விளங்கவில்லை, ஏச்சு என்பது மட்டும் விளங்கியது.

மணி மூன்றே முக்கால்.

"கமெரா கிட்டப் போனால் இவர்கள் சிரிப்பார்கள்," என்றாள் சுஜீவா. "அதை அடுக்களை ஜன்னலுக்குள் வைப்போம். அதன் இடத்தில் ஒரு ஆள் நடக்கட்டும்."

"யார்?"

"கதாநாயகனுக்கு நீங்கள் ஆளே எடுக்கவில்லையே."

அவர் அவளை முறைத்துவிட்டு வெளியே போனார். கதவு திறந்தது. கதாநாயகனாக அவரே உள்ளே வந்தார்.

ஒருவரும் நிமிரவில்லை. ஏச்சு வாங்கியவர்கள் எல்லோரும் தட்டுக்குள் மும்முரமாக எதையோ தேடினார்கள். இராயப்பு ஒரே எலும்பைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். ட்ராகிஷா மூன்று மேசைகளைத் தாண்டி, ஒரு வெறும் கதிரையில் உட்கார்ந்தார். லூர்தம்மா தலை தூக்காமல் பொரித்த ரோல்ஸ் தட்டை அவர் பக்கம் தள்ளினாள். அது எழுதப்பட்ட காட்சியில் இல்லை. அவர் ஒன்றை எடுத்தார், கடித்தார், மெல்ல முடியாமல் அப்படியே இருந்தார்.

பிறகு அதைத் திரையில் இரண்டு தடவை போட்டுப் பார்த்தார்.

"முகத்தை வெட்டினால்?"

"வெட்டினால் காட்சி இல்லை."

"தெரியும்!" என்று எரிந்து விழுந்தார். "அப்படியென்றால் இரண்டு நாளாக எடுத்ததெல்லாம் குப்பை. அந்தத் தயாரிப்பாளரிடம் நான் என்ன சொல்வது?"

மண்டபக்காரர் சாவிக்கொத்தோடு வந்து நின்றார். ட்ராகிஷா குனிந்து, சட்டையில் ரோல்ஸ் எண்ணெய் பட்ட இடத்தைப் பார்த்தார்.

"இதை ஒருவரும் கழுவக் கூடாது," என்றார். "கதாநாயகனுக்கு நாளைக்கும் இதே சட்டைதான்."