முகில்நாட்டு நுரையமுது

ஜெயரட்ணம் எழுதிவந்த தொடர்கதையை இந்த உலகத்தில் ஒருவரும் வாசிப்பதில்லை என்பதில் அவருடைய மனைவி யோகமலருக்குக் கொஞ்சமும் சந்தேகம் இருக்கவில்லை. தமிழ்க் கடை வாசல்களில் அடுக்கிவைத்திருக்கும் இலவச வாரப் பத்திரிகையில் அது வந்துகொண்டிருந்தது. யோகமலர் அதில் மரண அறிவித்தல்களை வரி விடாமல் வாசிப்பார். பிறகு நடுப்பக்கத்தை விரித்து அதன்மேல் மீன் வெட்டுவார். கதை வருவது அந்த நடுப்பக்கத்தில்தான். முகில்நாட்டு இளவரசர்கள் எத்தனையோ பேர் விளைமீன் செதிலோடு குப்பைக்குப் போய்ச் சேர்ந்தார்கள்.

மேகத்துக்கு மேலே இருக்கும் அந்த நாட்டை ஜெயரட்ணம், கார் உதிரிப்பாகத் தொழிற்சாலையில் வேலை முடிந்து வந்து, சாப்பாட்டு மேசையில் இருந்து கட்டியெழுப்பினார். ஒரு கிழமை கதை அரைப் பக்கம் குறைந்துவிட்டது. பத்திரிகைக்காரர் போனில் அவசரப்படுத்த, மனிதர் வாயில் வந்ததை எழுதினார். முகில்நாட்டில் நிச்சயம் பண்ண வரும் மாப்பிள்ளையின் தாய் ஒரு ஜாடி நுரையமுது கொண்டுவர வேண்டும். பலாப்பழம், மீன், தயிர், தேன் எல்லாவற்றையும் ஒன்றாகப் பிசைந்து, வாய்கட்டி, ஒரு மாதம் வெக்கையான இடத்தில் புளிக்கவிட்டால் அதுதான் நுரையமுது. பெண்ணின் தகப்பன் முதலில் உண்ண வேண்டும். அவன் முகம் சுழித்தால் கலியாணம் இல்லை. மிச்சத்தைப் பெண் வழித்துச் சாப்பிட வேண்டும். எழுதி அனுப்பிய கையோடு அதை மறந்தும் போனார்.

இதற்கிடையில் மகள் மயூரி, யூனிவேர்சிற்றியில் கூடப் படித்த சிவரூபனைத்தான் கட்டுவேன் என்று ஒற்றைக்காலில் நின்றாள். பெடியன் தங்கமானவன். ஒரே குறை, மட்டக்களப்பான். யாழ்ப்பாணத்து யோகமலர் ஒரு வருடம் முகத்தைத் தூக்கி வைத்திருந்துவிட்டு, ஒருவழியாக இறங்கி வந்தார். வந்தவர் அரைகுறையாக வரவில்லை. மாப்பிள்ளை வீட்டார் நகரத்தின் மறுகோடியான ரெக்ஸ்டேலில் இருந்து யூனியன்வில்லில் இருக்கும் இவர்கள் வீட்டுக்கு நிச்சயம் பண்ண வரும் அன்று, கணவனையும் மகளையும் இருத்திவைத்துப் புத்தி சொன்னார்.

"அவையின்ர முறை வேற. என்ன தந்தாலும் ஒருதரும் முகத்தைச் சுழிக்கப்பிடாது. பிறகு நாங்கள் லெவல் காட்டுறம் எண்டு நினைப்பினம்."

பெப்ரவரிக் குளிரில் கார் கண்ணாடிகள் எல்லாவற்றையும் இறக்கிவிட்டபடி அவர்கள் வந்து சேர்ந்தார்கள். மாப்பிள்ளையின் தகப்பன் சாமித்தம்பி காது சிவந்து இறங்கினார். சிவரூபன் யாரையும் நிமிர்ந்து பார்க்கவில்லை. கடைசியாகத் தாய் கோணேஸ்வரி, சேலைக்கு மேல் குளிர்க்கோட்டும் கையில் ஒரு ஊறுகாய் ஜாடியுமாக இறங்கினார். ஜாடியின் வாயைச் சிவப்புப் பட்டுத் துணியால் கட்டியிருந்தார். பட்டுத் துணியால் அந்த மணத்தை ஒன்றும் செய்ய முடியவில்லை. எல்லாரும் உள்ளே வந்து இருந்ததும், யன்னலைத் திறக்க எழுந்த மயூரியை யோகமலர் கண்ணாலேயே இருத்தினார்.

கோணேஸ்வரி பெருமையோடு ஜாடியின் வரலாற்றைச் சொன்னார். ஹீற்றருக்குப் பக்கத்தில் ஒரு மாதம் வைத்திருந்தாராம். கட்டடத்தைப் பார்க்கும் சுப்பிரின்டன் வந்து, உள்ளே யாராவது செத்துவிட்டார்களா என்று கேட்டானாம். பலாப்பழம் ரின்னில்தான் கிடைத்தது, அதை மட்டும் பொறுத்துக்கொள்ள வேண்டுமாம். மீன், தயிர், தேன் எல்லாம் அளவாகத்தான் போட்டாராம்.

ஜெயரட்ணத்துக்கு நெஞ்சு ஒருதரம் குதித்தது. கடைசியில் தன் கதைக்கு ஒரு வாசகி! கண் கலங்கிவிட்டது. சந்தோஷத்தில் கலங்கியதா, ஜாடியால் கலங்கியதா என்று அவருக்கே தெரியவில்லை. அதற்குள் விஷயம் முழுவதும் விளங்கியது. கதை எழுதுகிறவர்கள் தங்கள் வீட்டில் உள்ளதைத்தான் எழுதுவார்கள் என்று நம்பி, கோணேஸ்வரி பெண்வீட்டு முறைக்கு மரியாதை செய்ய வந்திருக்கிறார். யோகமலரோ இதை மட்டக்களப்பு முறை என்று முடிவுகட்டி, வீட்டிலேயே பெரிய கரண்டியைத் தேடி எடுத்து வருகிறார்.

உண்மையைச் சொன்னால் கோணேஸ்வரிக்கு அவமானம். அவர் எழும்பிப் போனால் யோகமலர், இறங்கி வந்த வேகத்திலேயே திரும்பவும் ஏறிவிடுவார். மகளின் கலியாணம் அந்த ஜாடிக்குள்தான் கிடந்தது. ஜெயரட்ணம் கரண்டியை வாங்கினார். வாய்க்குள் போனது கீழே இறங்க மறுத்தது. பழச்சாறு ஊற்றி மீன்கடையைக் கழுவி, அந்தத் தண்ணீரைக் குடிக்கத் தந்த மாதிரி இருந்தது. அவர் ஒரு சுருக்கமும் விழாமல் முகத்தை வைத்திருந்து விழுங்கினார். நல்ல பதம் என்று வேறு சொன்னார்.

கோணேஸ்வரிக்கு அப்போதுதான் மூச்சு வந்தது. மிச்சம் மருமகளுக்கு என்று சொல்லி ஜாடியை மயூரியிடம் நீட்டினார். மயூரி ஒருதரம் சிவரூபனைப் பார்த்தாள். பிறகு கண்ணை இறுக்கி மூடிக்கொண்டு வாயைத் திறந்தாள். இவன் கிடைப்பான் என்றால் இதையும் தின்பேன் என்று அந்த முகத்தில் இருந்தது. தகப்பனால் அதைத் தாங்க முடியவில்லை.

"வை பிள்ளை. உது பொய். பக்கம் நிரப்ப நான் இட்டுக்கட்டி எழுதினது. எங்கட வீட்டில ஒருதரும் உப்பிடிச் சாப்பிட்டதில்லை."

"அப்ப உது மட்டக்களப்பு முறை இல்லையோ?" என்று யோகமலர் கேட்டார்.

கோணேஸ்வரி ஜாடியைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார்.

"நாடு பொய்யெண்டு தெரியும் அண்ணன். ராசாவும் பொய், பறக்கிற குதிரையும் பொய். சாப்பாட்டிலயுமா மனிசர் பொய் சொல்லுவாங்க?"

சொல்லிவிட்டுப் பட்டுத் துணியை எடுத்து ஜாடியின் வாயைத் திரும்பக் கட்டத் தொடங்கினார். சாமித்தம்பி எழுந்து கோட்டைத் தேடினார். ஜெயரட்ணம் தன் வாழ்நாளில் அப்படி வெட்கப்பட்டதில்லை. அந்த மனுசி ஒரு மாதம் மூக்கைப் பொத்திக்கொண்டு, ஜெயரட்ணம் அவசரத்தில் எழுதிய ஒரு பந்தியைக் காத்து வளர்த்திருக்கிறார்.

"கட்டாதேங்கோ," என்று ஜாடியைப் பிடித்தார். "நான் எழுதேக்க அது பொய்தான். நீங்கள் செய்து கொண்டந்த பிறகு என்னெண்டு பொய்யாகும்?"

கரண்டி நிறைய அள்ளி வாயில் போட்டார். இந்தத் தடவை முகத்தைக் காவல் காக்கவில்லை. கண் ஒருபக்கம் போனது, மூக்கு ஒருபக்கம் போனது, காதுகூட ஆடியது. பார்த்துக்கொண்டிருந்த கோணேஸ்வரி வாயைச் சேலைத் தலைப்பால் பொத்தினார். பொத்தியும் சிரிப்பு வெளியே வந்துவிட்டது.

"முகம் சுழிச்சாக் கலியாணம் இல்லையெண்டு நீங்கதானே எழுதினீங்க?"

"அடுத்த கிழமை மாத்தி எழுதுறன்."

கோணேஸ்வரி பட்டுத் துணியை மடித்து வைத்தார்.

"மாத்தினா நான் வாசிக்கமாட்டன்," என்றுவிட்டு யோகமலர் பக்கம் திரும்பி, நேரம் போகிறது, தட்டை மாற்றுவோமா என்று கேட்டார்.