மஞ்சுப்பூச்சிக் கூடை

மூன்று பிள்ளைகள் தங்காமல் போய், நாலாவதாக உண்டானபோது, சசிரேகா எந்தச் சாமிக்கும் நேர்ந்துகொள்ளவில்லை. நேரே தானா ராத்தா டவுனுக்கு பஸ் ஏறினாள். அங்கே சாப்பாட்டுக் கடை நடத்தும் ஜைனப் அக்காவிடம் மஞ்சுப்பூச்சி முட்டை இருப்பதாகக் கேள்வி. பெரிய கார்களில் வந்து கேட்டவர்களுக்கெல்லாம் இல்லையென்று கையை விரித்த அக்கா, இவள் முகத்தைப் பார்த்ததும் உள்ளே போய் ஒரு பால் டின்னில் முட்டைகளைப் போட்டுக்கொண்டு வந்தார். தன் மகள் அமீராவும் இந்தப் பூச்சி நெய்த பட்டால்தான் வயிற்றில் தங்கினாள் என்று சொல்லி அனுப்பிவைத்தார்.

மஞ்சுப்பூச்சி மூடுபனி நிறத்தில், சுண்டுவிரல் நீளத்தில் இருக்கும். தேயிலைக் கொழுந்தைத் தவிர எதையும் தின்னாது. மற்றப் பட்டுப்பூச்சி மாதிரி கூடும் கட்டாது. கொழுந்துக் கூடையில் விட்டால், விளிம்பைச் சுற்றி வரிசையாக ஊர்ந்து இரண்டு விரல் அகலத்துக்கு நாடா நெய்யும்; நெய்து முடித்ததும் இறக்கை முளைத்துப் பறந்துவிடும். அந்த நாடாவை இடுப்பில் கட்டிக்கொண்டால், வயிறு வளர வளர அதுவும் வளர்ந்து, பிள்ளையைப் பத்து மாதமும் பிடித்து வைத்திருக்கும். சுற்று ஒரு விரல் குறைந்தாலும் பிடிக்காது.

முட்டை பொரித்து முப்பது புழு வந்தன. அவளைவிட அவள் புருஷனுக்குத்தான் தலைகால் புரியவில்லை. யோகேந்திரன் தேயிலைத் தோட்டத்தில் மருந்தடிக்கிறவன். புல்லைக் கருக்குகிற விஷத்துக்குத் தோட்டத்தில் மருந்து என்று பெயர். அப்படிப் பேர் வைத்த புண்ணியவான் ஒரு நாளாவது பம்ப்பை முதுகில் தூக்கியிருப்பானா? யோகேந்திரன் ஆறு வருஷமாகத் தூக்குகிறான். மதியமே வேலை முடிந்து வந்து குளித்துவிட்டு, லயன் வீட்டுக்குப் பின்னால் மருந்தே படாத நாலு செடியில் கொழுந்து கிள்ளி, ஒவ்வொரு புழுவின் வாய்க்கருகிலும் கொண்டுபோய் வைப்பான். பெற்ற பிள்ளைக்கு ஊட்டுகிறவன்கூட அவ்வளவு பொறுமையாக ஊட்டமாட்டான்.

பத்து நாளில் ஒன்பது புழு செத்தன. சசிரேகா எறும்பைச் சந்தேகப்பட்டாள், பிறகு பல்லியை. கூடை வைத்த மேசையின் கால்களைத் தண்ணீர்க் கிண்ணத்தில் நிறுத்தியும் சாவு நிற்கவில்லை. இதற்கிடையில் யோகேந்திரன் ஒரு கருமாதிக்காக ஈப்போ போய் ஐந்து நாள் தங்கிவிட்டான். அந்த ஐந்து நாளும் ஒரு புழுகூடச் சாகவில்லை. அவன் திரும்பி வந்து ஊட்டிய மறுநாள் காலையில் நாலு சுருண்டு கிடந்தன.

கூடைக்கு முன்னால் உட்கார்ந்து கணக்குப் போட்டாள். மருந்தடிக்க வருவதற்கு முன் அவன் லோரியில் வேலை செய்த காலத்தில் அவர்களுக்குக் கல்யாணமே ஆகவில்லை. மூன்றும் கலைந்தது அவன் பம்ப் தூக்கிய பிறகு. ஊரெல்லாம் அவள் வயிற்றைத்தான் குறை சொன்னது. அவளும் அப்படித்தான் நம்பியிருந்தாள். அவன் மட்டும் ஒரு நாளும் சொன்னதில்லை. மூன்று தடவையும் ஆஸ்பத்திரியிலிருந்து அவளைத் தாங்கிக் கூட்டிவந்து, அவள் துணியைத் துவைத்துப் போட்டவன். அவனிடம் போய் இதை எந்த வாயால் சொல்வது?

அதனால் ஒரு பொய் சொன்னாள். ஆம்பளைக் கை படக்கூடாது, ஜைனப் அக்கா சொல்ல மறந்துவிட்டாராம் என்றாள். அவன் சிரித்துக்கொண்டு ஒதுங்கி, தினமும் கதவோரம் நின்று எட்டிப் பார்த்துவிட்டுப் போனான். அவனுக்குத் தெரியாமல் அவள் தோட்டத்து ஆபீஸில் வேலை பிரித்துக் கொடுக்கிற கிராணியிடம் போய், அவனை ஸ்டோருக்கு மாற்ற முடியுமா என்று கேட்டாள். மருந்தடிக்க வேறு ஆள் கிடையாது, அடுத்த வருஷம் பார்க்கலாம் என்றார் கிராணி. பதினேழு புழுக்கள் முப்பது புழு வேலையைச் செய்தன. ஐந்தாம் மாதம் பிறந்தபோது சுற்று முடிந்தது.

பட்டு நாடாவைக் கட்டிக்கொண்டதும் இடுப்பை யாரோ இரண்டு கையால் ஏந்திக்கொண்டது போல இருந்தது. மூன்றாம் நாள் சாயங்காலம் அவள் கீரை ஆய்ந்துகொண்டிருந்தபோது பிள்ளை முதல் தடவையாக அசைந்தது. அவள் வயிற்றைப் பிடித்ததை யோகேந்திரன் பார்த்துவிட்டான். மறுநொடி எதிரே மண்டியிட்டுக் கையை நீட்டினான். அவள் சட்டென்று பின்னால் நகர்ந்தாள்.

"பூச்சிதான் பறந்திடுச்சே சசி. இன்னும் என்ன லா ஆம்பளக் கை?"

அவளுக்கு இன்னொரு பொய் வரவில்லை. ஒரு மாதமாக அதற்குத்தான் யோசித்துக்கொண்டிருந்தாள்.

"ஆம்பளக் கைன்னு இல்லீங்க. மருந்தடிக்கிற கை. நீங்க ஊட்டுனதுதான் செத்துச்சு."

அவன் நீட்டிய கையை மடக்கிக்கொள்ள மறந்து அப்படியே இருந்தான். அவன் யோசனை எங்கே வந்து நிற்கும் என்று அவளுக்குத் தெரியும். அங்கேயேதான் வந்து நின்றது.

"அப்ப, முந்துன மூணும்?"

தெரியாது என்று சொல்லியிருக்கலாம். நிச்சயமாக அவளுக்கும்தான் என்ன தெரியும்? ஆனால் நாளைக் காலையில் அவன் மறுபடி பம்ப் தூக்கப் போகிறான், மதியம் இந்த வீட்டுக்குத்தான் வரப்போகிறான்.

"அதனாலதான் இருக்கும்ங்க" என்றாள்.

அவன் எழுந்திருக்கவில்லை. நீட்டிய கையை மட்டும் முதுகுக்குப் பின்னால் கொண்டுபோனான்.

"மொதப் புள்ளைக்கு ஒரு பேரு வெச்சிருந்தேன்" என்றான். "ஒங்கிட்ட சொல்லல."

என்ன பேர் என்று அவள் கேட்டாள். அவன் சொல்லவில்லை.