கரையைக் கேளாமல் பூட்டிய காற்று

மருதமுனை நெசவுக்காரர் தெருவில் தறிக்கான பாவு நூலை நீட்டிய காலத்தில் செய்யப்பட்டது காற்றுப் பூட்டு. செய்தவர் பெயர் யாருக்கும் தெரியாது. அதனால் இன்று நான்கு குடும்பங்கள் அவரைத் தங்கள் மூத்தப்பா என்று சொல்லிக்கொள்ள வசதியாயிற்று. தேங்காய் அளவுப் பித்தளைப் பூட்டு. அதன் சாவியை, அதாவது திறப்பை, இடப்பக்கம் திருப்பினால் பெரியநீலாவணை தொடங்கிக் காரைதீவு வரை காற்று நின்றுவிடும், பாவு இழை சிக்காது. வலப்பக்கம் திருப்பினால் மறுபடி வீசும். கடலில் எவ்வளவு தூரம் நிற்கும் என்பதை யாரும் அளந்ததில்லை. அதனால்தான் பூட்டுமுன் ஒருவர் கடற்கரைக்குப் போய், தோணி ஏதும் வெளியே நிற்கிறதா என்று கேட்டு வரவேண்டும். கரை கேட்டல் என்று அதற்குப் பெயர்.

பூட்டைப் பற்றி இவ்வளவுதான் செய்தி. சாய்ந்தமருதுக் கடற்கரையில் வளர்ந்த ஸகியாவுக்கு இது ஐந்து வயதிலேயே தெரியும். ஓய்வுபெற்ற பாடசாலை அதிபர் முனாஸ் சேர் இதை நூற்றிருபது பக்கப் புத்தகமாக்கியிருந்தார். அதில் பூட்டு ஓர் அரபுக் கப்பலில் வருகிறது. ஒல்லாந்தத் தளபதி ஒருவன் அதைக் கண்டு கண்கலங்குகிறான். நெசவுக்காரர் எழுபதாம் பக்கத்தில் வந்து எழுபத்திரண்டாம் பக்கத்தில் போய்விடுகிறார்கள்.

பாவு போடுவது வீட்டுக்குள் போனபின் பூட்டுக்கு வேலையில்லாமல் போயிற்று. கலியாணப் பந்தலுக்கு எடுத்தார்கள். ஒரு வேட்பாளர் தன் கட்அவுட் சாயாதிருக்க ஒரு முழுநாள் பூட்டி வைத்தார். கட்அவுட் நின்றது, அவர் தோற்றார். பிறகு அதற்கு ஒரு மரபுரிமைச் சபை உண்டாயிற்று. ஹிஷாம் ஹாஜியார் தலைவர். சபை கூடிய ஏழு கூட்டங்களில் ஆறு, அவருடைய நாற்காலி எங்கே போடப்படவேண்டும் என்பது பற்றியவை.

மண்ணெண்ணெய் இல்லாமல் தோணிகள் மணலில் குப்புறக் கிடந்த வருடம் அது. ஸகியாவின் கணவன் றிம்சானும் அவனோடு கடலுக்குப் போகும் கல்முனைக் கோணாமலையும் சும்மா இருக்க மனமில்லாமல், பழைய துணிகளைத் தைத்துப் பாய் கட்டினார்கள். அதிகாலைக் கரைக்காற்றில் போய், பகல் சாயும்போது கடற்காற்றில் திரும்புவது. அன்றும் அப்படித்தான் போனார்கள். பின்னேரம் இரண்டு மணிக்கு றிம்சான் போன் எடுத்தான்.

"காத்து நிண்டுட்டுகா. பாய் துணி காயப்போட்ட மாதிரித் தொங்குது. நீரோட்டம் வெளியால இழுக்குது. கரையிர தென்னை இப்பவே தெரியல்ல."

அவள் பயப்படக்கூடாது என்பதற்காக, கோணாமலை அண்ணன் பாயில் வாயால் ஊதிப் பார்க்கிறார் என்றும் சொன்னான். தண்ணீர் எவ்வளவு இருக்கிறது என்று அவள் கேட்டபோது போன் நின்றுவிட்டது. போய் இழுத்துவர ஒரு இயந்திரத்துக்கும் எண்ணெய் இல்லை. இன்னும் கொஞ்சம் வெளியே போனால் அவர்களைத் தேடுவதற்கும் யாருமில்லை.

காற்று ஏன் நின்றது என்று அவள் யாரிடமும் கேட்கவில்லை. இன்று காற்றுப் பூட்டுக்கு விழா என்று ஒலிபெருக்கி காலையிலிருந்து சொல்லிக்கொண்டிருந்தது.

விழாப் பந்தலில் பதாகை ஒரு சுருக்கமில்லாமல் நின்றது. பூட்டும் திறப்பும் மேடையில் பச்சை வெல்வெட்டின் மேல் இருந்தன. பிரதம அதிதி வந்து அதைத் திறந்து வைப்பதாக ஏற்பாடு. ஒன்றைத் திறப்பதென்றால் முதலில் அது பூட்டியிருக்கவேண்டும் என்று சபை ஏகமனதாக முடிவெடுத்து, பன்னிரண்டு மணிக்கே பூட்டிவிட்டது. அதிதி இன்னும் வரவில்லை. நேரத்தைப் போக்க முனாஸ் சேர் புத்தகத்தை வாசித்துக்கொண்டிருந்தார். ஸகியா உள்ளே நுழைந்தபோது, பூட்டுமுன் கரையைக் கேட்ட நம் முன்னோரின் பண்பாடு உலகில் வேறெங்கும் இல்லை என்ற இடத்தை வாசித்தார். சபையோர் கைதட்டினார்கள்.

அவள் ஹாஜியாரிடம் போய் விஷயத்தைச் சொன்னாள். அவர் பொறுமையாகத்தான் கேட்டார். மீனவர் சங்கத்துக்கு அழைப்பிதழ் அனுப்பியதாகச் சொன்னார். அதிதி பாண்டிருப்பைத் தாண்டிவிட்டார் என்றும் சொன்னார்.

"பத்து நிமிஷம், தங்கச்சி. திறந்துட்டுத் திரும்பப் பூட்டினா மரியாதையா இரிக்குமா?"

"அதுக்குள்ள ரெண்டு பேர் கடலோட போயிருவாங்க, ஹாஜியார்."

"அதான் பத்து நிமிஷம் எண்டு சொல்றன்."

அவள் மேடையேறினாள். முனாஸ் சேர் மரியாதைக்காக வாசிப்பை நிறுத்தி, வாசித்த பக்கத்தில் விரலை வைத்துக்கொண்டார். யாரும் தடுக்கவில்லை. தடுப்பது யாருடைய பொறுப்பு என்று நிகழ்ச்சி நிரலில் இல்லை. அவள் திறப்பைப் பூட்டில் இட்டு வலப்பக்கம் திருப்பினாள். கடற்காற்று பதாகையை அடியிலிருந்து பிடுங்கிக்கொண்டு போயிற்று. அவள் திறப்பைக் கையோடு எடுத்துக்கொண்டு கடற்கரைக்கு நடந்தாள்.

முக்கால் மணி நேரம் கடலில் ஒன்றும் தெரியவில்லை. வந்தவர் ஹாஜியார்தான், மணலில் சப்பாத்துப் புதைய. அதிதி வந்துவிட்டாராம், படமெடுக்கத் திறப்பு வேண்டுமாம். அவள் கடலைப் பார்த்தபடி நின்றாள். அவர் குரலை இறக்கி, அவளுடைய பெயரை இரண்டாம் பதிப்பில் சேர்க்கலாம் என்றார்.

பிறகு பாய் தெரிந்தது. முதலில் அழுக்குப் புள்ளியாக, பிறகு அதிலிருந்த சிவப்புச் சேலைத் துண்டு தனியாக. கோணாமலை இடுப்பளவு நீரில் குதித்துக் கயிற்றை வீசினார்.

"அதப் பிடிங்க ஹாஜியார்," என்றாள் ஸகியா.

அலை வந்தது. ஹாஜியார் சப்பாத்தைப் பார்த்து இரண்டடி பின்னால் போனார். அவள் ஓடிப்போய்த் தானே பிடித்து இழுத்தாள். தோணி மணலில் ஏறியது. றிம்சான் இறங்கி உட்கார்ந்து, கேட்காமலே அவள் நீட்டிய தண்ணீரைக் கடைசிச் சொட்டுவரை குடித்தான். உதடு வெடித்திருந்தது. அவன் முதலில் கேட்டது, காற்று ஏன் நின்றது என்பதை.

"புத்தகம் வாசிச்சாங்க," என்றாள்.

வெளியே வேறு தோணி இல்லையென்று கோணாமலை சொன்னபின் அவள் திறப்பை நீட்டினாள். அதில் மீன் செதில் ஒட்டியிருந்தது. ஹாஜியார் கைக்குட்டையை எடுத்து, அதற்குள் திறப்பை வாங்கிக்கொண்டு போனார். அவர்கள் தோணியில் கிடந்த மீனைத் தரம் பிரித்துக்கொண்டிருக்கையில் காற்று மறுபடி நின்றது. ஒலிபெருக்கியில் கைதட்டல் கேட்டது. இலையான் ஈ வந்து மீனில் மொய்த்தது.